லிடியா மிஸ் விளக்கேற்றலாமா?

1

"லிடியா மிஸ் என்ன செய்தவ?"

கேட்டது என் மகள் ஆரணி. எட்டு வயது. வெள்ளிக்கிழமை பிற்பகல், பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில், காரின் பின்னிருக்கையில் பாதி கடித்த ஆப்பிளைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டாள். வழக்கமாகச் சிட்னியின் பெண்டில்ஹில் ரயில் நிலையத்தைத் தாண்டியதும் நான் இடது பக்கம் திரும்புவேன். அங்கேதான் அவளுக்குப் பேச்சும் மேடைப் பயிற்சியும் சொல்லிக்கொடுக்கும் லிடியா மிஸ்ஸின் வீடு. அன்று திரும்பாமல் நேரே ஓட்டினேன்.

"மிஸ்ஸுக்குச் சுகமில்லை," என்றேன்.

"நோ அம்மா. அபி சொன்னவன், ஷீ டிட் சம்திங் டேர்ட்டி எண்டு. என்ன செய்தவ?"

"ஆப்பிளைச் சாப்பிட்டு முடி."

நான் படித்தவள். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் விஞ்ஞானப் பட்டம் பெற்றவள். இங்கே நகரசபை நூலகத்தில் பகுதிநேர வேலை. பிள்ளை வளர்ப்புப் புத்தகங்களை அடுக்கிலிருந்து எடுத்துவந்து, அடிக்கோடு போட முடியாதே என்று கவலைப்பட்டுக்கொண்டு படிப்பவள். குழந்தை எப்படிப் பிறக்கிறது என்று ஆரணி கேட்டபோது படம் காட்டி விளக்கினேன். இந்தக் கேள்விக்கு மட்டும் ஆப்பிளைக் காட்டித் தப்பினேன்.

நான் எழுதும் குறிப்புகளைப் படித்துவிட்டு ஊரிலிருந்து பலர் கேட்பது ஒன்றைத்தான்: "அங்கே எங்கட பிள்ளைகள் கெட்டுப்போகினமோ?" இந்த முறை பிள்ளைகளைப் பற்றி எழுத ஒன்றும் இல்லை. எங்களைப் பற்றித்தான் எழுத வேண்டியிருக்கிறது.

2

சனிக்கிழமைதோறும் நடக்கும் எங்கள் தமிழ்ப் பள்ளியில் ஆண்டுக்கொரு முறை பேச்சுப்போட்டி நடக்கும். உரையை எழுதுவது பெற்றோர். பிள்ளைகள் அதை ஆங்கில எழுத்தில் எழுதிவைத்துப் பாடமாக்குவார்கள். "வாழ்க" வரும் இடத்தில் கை உயரும். "வீழ்க" வரும் இடத்தில் கால் ஒன்று தரையில் உதைக்கும். எதற்காக உதைக்கிறோம் என்று பிள்ளைக்குத் தெரியாது. முன்வரிசையில் தாய் வாயசைத்துக்கொண்டிருப்பாள். நானும் வாயசைத்திருக்கிறேன்.

போன ஆண்டு ஆரணி மேடையில் இரண்டாவது வரியில் உறைந்து நின்றாள். பிறகு அழுதுகொண்டு இறங்கி ஓடிவந்து என் மடியில் முகத்தை வைத்தாள். அதற்குப் பிறகு வகுப்பிலும் அவள் வாய் திறக்கவில்லை என்று ஆசிரியை சொன்னார். எனக்குப் பயம் பிடித்தது. என்னுடைய உரைதான் அவளைக் கெடுத்ததோ, அல்லது மேடையில் ஏற்றியதே பிழையோ என்று பல நாள் யோசித்தேன்.

அந்த நாட்களில்தான் நூலகத்துக்கு ஒரு முதிய பெண்மணி வந்தார். நிமிர்ந்த முதுகு, குட்டையாக வெட்டிய வெள்ளைத் தலைமுடி. சிறுவர்களுக்குக் குரலும் மேடையும் பழக்குவதாக ஓர் அறிவித்தல் ஒட்ட அனுமதி கேட்டார். ரஷ்யாவில் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் நடித்தவர். அவருடைய ஆங்கிலம் வெட்டி வெட்டி வந்தது. ஆனால் மெதுவாகப் பேசிய அந்தக் குரல், நூலகத்தின் கடைசி மேசையில் இருந்தவரையும் தலைநிமிர வைத்தது.

வீட்டில் சொன்னபோது என் கணவர் சுதன் சிரித்தார். "தமிழ்ப் பேச்சுப் பழக ரஷ்யக்காரியிட்டயோ? நல்ல கூத்து."

முதல் நாள் லிடியா மிஸ் என் உரையை ஆரணியைக் கொண்டு வாசிக்கச் செய்தார். ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் கேட்டார். பிள்ளை என்னைப் பார்த்தாள். நான் ஆங்கிலத்தில் விளக்கினேன்: தேனை விட இனியது, அமுதை விடச் சிறந்தது.

"உங்கள் வீட்டில் அமுது இருக்கிறதா?" என்று ஆரணியிடம் கேட்டார்.

"இல்லை."

"அப்படியானால் அது உன் வாயில் ஏன்?"

அந்த வரி போனது. அடுத்த வரியும் போனது. கடைசியில் என் உரையில் வணக்கமும் நன்றியும் மட்டும் மிஞ்சின. நடுவில் ஆரணியே சொன்னதைத்தான் வைத்தார்கள்: "என்ர மச்சான் ஊரில இருந்து ஃபோனில பகிடி விடுவான். எனக்கு விளங்க நேரமெடுக்கும். நான் சிரிக்கேக்க அவன் ஃபோனை வைச்சிடுவான். அவன் வைக்க முதல் சிரிக்கத்தான் நான் தமிழ் படிக்கிறன்."

தமிழில் ஒரு சொல்லும் தெரியாத லிடியா மிஸ் அந்த வசனங்களின் பொருளைக் கேட்டு வைத்துக்கொண்டு, எங்கே மூச்சு எடுப்பது, எங்கே சபையைப் பார்ப்பது என்று பழக்கினார். இந்த ஆண்டுப் போட்டியில் மண்டபம் சிரித்தது. பிறகு அமைதியானது. ஆரணிக்கு முதலிடம் கிடைத்தது. அடுத்த வாரமே மற்றத் தாய்மார் என்னிடம் அந்த முகவரியைக் கேட்டு வரிசையில் நின்றார்கள். முதலில் நின்றவர் கௌரி அக்கா, அபியின் அம்மா.

3

சிறப்பு விருந்தினர் இல்லாமல் எங்களால் ஒரு விழாவும் நடத்த முடியாது. குத்துவிளக்கேற்றவும், பொன்னாடை வாங்கவும், "வணக்கம்" என்ற ஒரு சொல்லைச் சொல்லிப் பலத்த கைதட்டல் பெறவும் ஒருவர் வேண்டும். பெரும்பாலும் ஒரு மருத்துவர் வருவார். தேர்தல் கிட்டினால் ஓர் அரசியல்வாதி, பிந்தி வந்து முந்திப் போவார். இந்த ஆண்டுப் பரிசளிப்பு விழாவுக்குப் பள்ளித் தலைவர் சண்முகம் அங்கிளுக்கு வேறு யோசனை வந்தது.

"ரஷ்ய நடிகை ஒராள் எங்கட பிள்ளையளுக்குத் தமிழ்ப் பேச்சுப் பழக்கிறா. இதைவிட விசேஷம் என்ன வேணும்? வாசுகி, நீர்தானே பழக்கம். கேட்டுப்பாரும். அறிமுக உரையையும் நீரே எழுதும். ஒரு பக்கம் காணும்."

கேட்டேன். லிடியா மிஸ்ஸின் முகம் சிவந்தது. "நானா? மேடையிலா?" என்றார். பிறகு வாழ்க்கைக் கதைக்காகச் சில பிற்பகல்கள் போய் அவருடைய குசினி மேசையில் இருந்தேன். கறுப்புத் தேநீரும் ஒரு கிண்ணத்தில் பழப்பாகும் தருவார். பாகைத் தேநீரில் கலக்கக் கூடாது, கரண்டியால் தின்றுவிட்டுத் தேநீரைக் குடிக்க வேண்டும்.

அவர் பிறந்தது வோல்கா ஆற்றங்கரையில் ஒரு சிறு நகரம். தந்தை பாவெல் படகு இயந்திரம் திருத்துபவர், தாய் மீனைத் தகரத்தில் அடைக்கும் தொழிற்சாலையில் வேலை. அங்கே பெரியவர்களைத் தகப்பன் பெயரையும் சேர்த்துத்தான் கூப்பிடுவார்களாம்: லிடியா பாவ்லொவ்னா. நாங்களும் தகப்பன் பெயரை முன்னால் வைத்துக்கொள்கிறோம் என்றேன். அவருக்கு அது பிடித்துவிட்டது.

மொஸ்கோவின் நடிப்புக் கல்லூரி அவரை இரண்டு முறை திருப்பி அனுப்பியது. நாயகிக்கு முகம் போதாது, தாய்க்கு வயது போதாது என்றார்களாம். மூன்றாம் முறை, காரணமில்லாமல் சிரித்துக் காட்டச் சொன்னார்கள். அவருக்குச் சிரிப்பு வரவில்லை, விக்கல் வந்தது. விக்கல் நிற்கவே இல்லை. பரீட்சகர்கள் சிரித்துவிட்டார்கள். சேர்த்துக்கொண்டார்கள்.

முதல் படத்தில் போர்க்காலத் தாதி. ஒரே ஒரு வசனம்: "தண்ணீர் கொதிக்கிறது." அதற்கடுத்து தொலைக்காட்சியில் சிறுவர் படம் ஒன்று. பேராசை பிடித்த வியாபாரியின் மகளாக வந்து வாத்தாக மாறிவிடுவார். அதைப் புத்தாண்டுக்குப் புத்தாண்டு போட்டார்கள். நாடு முழுக்க அவரை வாத்தாகத்தான் தெரியும். கடையில் பாண் வாங்க வரிசையில் நின்றால் பின்னாலிருந்து யாராவது வாத்தைப் போலக் கத்துவார்கள். "முதல் ஐந்து வருஷம் கோபம் வந்தது. பிறகு நானும் திருப்பிக் கத்தினேன்," என்று சொல்லி, குசினியில் இருந்தபடியே கத்திக் காட்டினார். பக்கத்து அறையில் வர்ணம் தீட்டிக்கொண்டிருந்த ஆரணி ஓடிவந்தாள்.

அதன் பிறகு நாடு உடைந்தது. படப்பிடிப்புத் தளத்தில் கட்டிலும் அலுமாரியும் விற்றார்கள். அவரோடு படித்த நடிகர்கள் டாக்சி ஓட்டினார்கள். கணவர் போய்விட்டார். கையில் சின்ன மகள். அப்போது ஒரு படம் வந்தது. குளியல் வீட்டில் ஒரு காட்சி.

அதை அவரே சொன்னார். தண்ணீர் கொதித்ததைச் சொன்ன அதே குரலில் சொன்னார்.

"நிறைய நீராவிப் புகை இருக்கும், ஒன்றும் தெரியாது என்றார் இயக்குநர். அன்றைக்குப் பார்த்துப் புகை இயந்திரம் பழுதென்றார்கள். அன்று தளத்தில் வேலை இல்லாதவர்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். சாரதிகளும் வந்தார்கள். ஒருவன் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டு நின்றான். அவனுடைய முகம் நினைவில்லை. சத்தம் நினைவிருக்கிறது."

நான் பேனையை வைத்துவிட்டேன்.

"சம்பளமாகச் சீனியும் தகரத்தில் அடைத்த இறைச்சியும் தந்தார்கள். அந்தக் குளிர்காலம் என் மகள் வயிறு நிறையச் சாப்பிட்டாள். எழுத விரும்பினால் எழுது வாசுகி. நான் ஒளித்தது இல்லை."

நான் எழுதவில்லை. ஒரு பக்கத்தில் வாத்துக்கும் இடம் வேண்டும், அதன் பின் வந்த தொடருக்கும் இடம் வேண்டும். பல ஆண்டுகள் ஓடிய பொலிஸ் தொடரில் பிரேத அறை மருத்துவராக நடித்தார். பிரேதத்துக்குப் பக்கத்தில் நின்று சாண்ட்விச் தின்னும் மருத்துவர். சந்தையில் இறைச்சி வாங்கப் போனால் கடைக்காரர் இது எப்போது இறந்தது என்று அவரையே கேட்பாராம். வயது ஏற ஏறத் தாய் வேடம், பிறகு படுக்கையில் கிடக்கும் தாய் வேடம். கடைசியாகக் கிடைத்ததில் முதல் காட்சியிலேயே பிரேதம். "அதே தொடர், அதே பிரேத அறை. என்னுடைய இடத்தில் ஒரு சின்னப் பெண் நின்று சாண்ட்விச் தின்றாள். வசனத்தை விழுங்கினாள். எனக்கு எழும்பித் திருத்த வேண்டும் போல இருந்தது. ஆனால் நான் பிரேதம்."

பேரப்பிள்ளையைப் பார்க்க சிட்னி வந்தார். மகள் குடும்பம் வேலைக்காகப் பேர்த் போய்விட்டது. இவர் இங்கேயே தங்கிவிட்டார்.

நல்ல உரை எழுதினேன் என்று நினைத்தேன். அவருடைய பெயரை ரஷ்ய எழுத்திலும் கீழே எழுதிக் கொடுத்தேன். பதாகைக்கு அழகாக இருக்கும் என்று நினைத்தேன்.

4

அந்த வெள்ளிக்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை கிரவீனில் சண்முகம் அங்கிள் வீட்டில் செயற்குழுக் கூட்டம். நான் கொஞ்சம் பிந்திப் போனேன். ரோல்ஸும் பால்தேநீரும் வைத்திருந்தார்கள். எல்லாருடைய கைபேசிகளும் மேசையில் முகம் கவிழ்ந்து கிடந்தன. 

"இரும் பிள்ளை," என்றார் அங்கிள். "உமக்கு இது தெரியுமோ?"

எது என்று நான் கேட்கவில்லை. பதாகைக்குப் படம் தேடியிருக்கிறார்கள். ரஷ்ய எழுத்தில் பெயரைப் போட்டதும் பழைய படங்கள் எல்லாம் வந்திருக்கின்றன, அந்தக் குளியல் வீட்டுக் காட்சியும்.

"தெரியும் அங்கிள். அவவே சொன்னவ."

"தெரிஞ்சுகொண்டோ எங்கட பிள்ளையளை அங்க விட்டனீர்?" கௌரி அக்கா பாய்ந்தார்.

"முப்பது வருஷத்துக்கு முந்தினது, அக்கா. அவ நடிச்சவ."

"நடிப்போ? உடுப்புக் கழட்டினதும் நடிப்போ?"

யாரோ சிரித்தார்கள். பொருளாளர் அண்ணா தொண்டையைச் செருமினார். அவருக்கு ஐம்பது வயது இருக்கும். கோயிலில் தேர் வடம் பிடிக்கும்போது முன்னுக்கு நிற்பவர். "கமரா நல்லாக் கிட்டப் போகுது," என்றார். படத்தில் அது எந்த இடத்தில் வருகிறது என்றும் சொன்னார். "முதல் பாதி சரியான அலுப்பு," என்றும் சேர்த்தார்.

மொழி தெரியாத ஒரு படத்தின் முதல் பாதி முழுவதையும் ஒரு மனிதர் எதற்காக இருந்து பார்த்தார் என்று அங்கே யாரும் கேட்கவில்லை. 

அதைவிடப் பெரிய அசிங்கம் பெற்றோர் வாட்ஸ்அப் குழுவில் நடந்திருந்தது. வழியில் வரும்போது நான் கவனிக்கவில்லை. அந்தக் காட்சியிலிருந்து ஒரு படத்தை வெட்டி, மறைக்க வேண்டிய இடத்தில் ஒரு தாமரைப்பூவை ஒட்டி, "பெற்றோரே விழிப்பாக இருங்கள்" என்று போட்டிருந்தார்கள். கீழே கும்பிட்ட கைகள் வரிசையாக நின்றன. ஒரு தகப்பன், தாமரை இல்லாதது இருந்தால் தனியாக அனுப்பச் சொல்லிக் கேட்டிருந்தார். தனியாகக் கேட்க நினைத்துக் குழுவிலேயே கேட்டுவிட்டார். பிறகு அழித்திருக்கிறார். அழிக்க முதல் எல்லாரும் பார்த்துவிட்டார்கள்.

"சரஸ்வதி படத்துக்கு முன்னால, அந்தக் கையால குத்துவிளக்கு ஏத்துறதோ?" என்றார் கௌரி அக்கா.

பொருளாளர் அண்ணா ரோல்ஸ் எண்ணெய் படிந்த விரலால் கைபேசியைப் புரட்டி, ஒரு முறை பார்த்து, மறுபடி கவிழ்த்தார்.

"பிள்ளையளோட வேலை செய்யிறதுக்கு அரசாங்கம் குடுக்கிற அனுமதி அவவிட்ட இருக்கு அங்கிள். நான் பாத்தனான்," என்றேன். குழுவில் இருக்கும் எத்தனை பேரிடம் அது இருக்கிறது என்று கேட்க வாயெடுத்தேன். கேட்கவில்லை.

"சட்டம் வேற, சபை வேற, பிள்ளை," என்றார் அங்கிள். அவர் கெட்டவர் இல்லை. ஆரணி பிறந்தபோது எங்களிடம் கார் இல்லை. ஆஸ்பத்திரியிலிருந்து எங்களை வீட்டுக்குக் கூட்டி வந்தவர் அவர்தான். அதனால்தான் அவரை எதிர்த்துப் பேச எனக்கு நாக்கு எழவில்லை. "வீடு வித்துக் குடுக்கிற எங்கட பெடியன் ஒராள் வாறன் எண்டு சொல்லியிருக்கிறான். அவனைப் போடுவம். லிடியாவுக்கு நீர் சொல்லும். மண்டபத்தில பிரச்சினை, விழாவைச் சுருக்கிப்போட்டம் எண்டு சொல்லும். மனம் நோகாமல் சொல்லும்."

மனம் நோகாமல்.

கௌரி அக்கா என்னோடு கார் வரை வந்தார். குரலைத் தாழ்த்தினார். "பிள்ளை, மெல்பேர்ணில நடக்கிற பேச்சுப்போட்டி வருதல்லே. அபிக்குப் பேச்சின்ர முடிவு இன்னும் சரியா வரேல்லை. ரெண்டு வகுப்புப் போதும். நேரில வேண்டாம், ஸூமில எண்டால் ஒருத்தருக்கும் தெரியாது. கமராவை நிப்பாட்டிப்போட்டுக் குரலை மட்டும் பழக்கலாம்தானே?"

நான் காரில் ஏறிக் கதவைச் சாத்தினேன். பதில் சொல்லாமல் போனது மரியாதைக் குறைவோ என்று வீட்டுக்கு வரும்வரை யோசித்தேன். அப்படி யோசித்ததை நினைத்தால் இப்போது என் மீதே வெறுப்பு வருகிறது.

5

வீட்டில் சுதன் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னேன்.

"நீர் ஏன் உதுக்குள்ள தலையைக் குடுக்கிறீர்? சொல்லச் சொன்னதைச் சொல்லிப்போட்டு விடும்."

"உங்களுக்கும் வந்ததோ?"

"ஆரோ அனுப்பினவங்கள். அழிச்சுப்போட்டன்."

"பாத்த பிறகோ?"

அவர் கையைத் துடைத்துவிட்டுக் குப்பைத் தொட்டியை வெளியே வைக்கப் போனார். குப்பை எடுக்கும் நாள் அது இல்லை.

அடுத்த நாள் மெல்பேர்ணிலிருந்து அவருடைய அக்கா ஃபோன் எடுத்தார். அங்கே கேரம் டவுன்ஸ் கோயிலில் பூசை முடிந்து அன்னதான வரிசையில் நிற்கும்போது யாரோ காட்டினார்களாம். "உங்கட ஆரணியும் அவவிட்டயோ போறவள்?" என்று கேட்டார். சிட்னியில் தொடங்கிய அசிங்கம் இவ்வளவு தூரம் போய்க் கோயில் வரிசையிலும் நின்றிருக்கிறது. நான் "ஓம்" என்றேன்.  "கவனம்," என்று வைத்துவிட்டார்.

யாரைக் கவனிக்க? கழுத்தை மூடிய கம்பளிச் சட்டையோடு இருந்து, என் மகளுக்கு மூச்சு எங்கே எடுப்பது என்று சொல்லிக்கொடுக்கும் மனிதரையா? இல்லை, தாமரையை எடுத்துவிட்டு அனுப்பச் சொன்ன தகப்பனையா? அவருடைய மகள் ஆரணியின் வகுப்பு. பிறந்தநாளுக்கு அவர்கள் வீட்டுக்கு நான் என் பிள்ளையை விட்டுவிட்டு வந்திருக்கிறேன்.

எனக்குள்ளும் ஒரு குரல் இருக்கிறது. அதையும் எழுத வேண்டும். அந்தக் குரல் கேட்கிறது: நாளைக்கு ஆரணி நடிக்கப் போகிறேன் என்று வந்து நின்றால்? யாரோ ஒருவன் புகை இருக்கும் என்று சொன்னால்? அந்தப் பயத்தை நான் இதுவரை லிடியா மிஸ்ஸின் மீது போட்டுக்கொண்டிருந்தேன். அது புகை இருக்கும் என்று சொன்னவன் மீதும், வேடிக்கை பார்க்க வந்து நின்றவர்கள் மீதும் போக வேண்டிய பயம். ஆனால் அவர்களின் பெயர்களை யாரும் தேடிப் பார்க்கவில்லை. அந்த இயக்குநர் எங்கள் விழாவுக்கு வந்தால், பெரிய இயக்குநர் என்று பொன்னாடை போர்த்துவோம் என்றுதான் நினைக்கிறேன்.

6

இரண்டு வெள்ளி ஆரணியை அனுப்பவில்லை. பிறகு லிடியா மிஸ்ஸிடம் நான் மட்டும் போனேன். அந்த மண்டபப் பொய்யைக் காரில் ஆங்கிலத்தில் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன்.

கதவைத் திறந்ததும், "பிள்ளைகள் எல்லாருக்கும் ஒரே காய்ச்சலா?" என்றார். மற்றத் தாய்மாரும் ஏதேதோ காரணம் எழுதியிருக்கிறார்கள்.

"ஓம், பருவம் மாறுகிறது," என்றேன்.

என் முகத்தைக் கொஞ்சம் கூடுதலாகப் பார்த்தார். பிறகு, "நல்லது, நீ வந்தாய். எனக்கு உன் உதவி வேண்டும்," என்று குசினிக்குக் கூட்டிப்போனார்.

மேசையில் உயரமான ஒரு பூச்சாடியைக் கவிழ்த்து வைத்திருந்தார். அதன் மேல் ஒரு தட்டு. தட்டைச் சுற்றிச் சின்னச் சின்ன மெழுகுவர்த்திகள் ஐந்து. அது குத்துவிளக்கு. நான் முன்பு கைபேசியில் காட்டிய படத்தைப் பார்த்துச் செய்திருக்கிறார்.

"சபை எந்தப் பக்கம்?" என்று கேட்டார். "விளக்கு நடுவில் என்றால், கடைசித் திரியை ஏற்றும்போது நான் அவர்களுக்கு முதுகு காட்ட வேண்டிவரும். அது கூடாது. அதனால் இங்கிருந்து தொடங்கி, இப்படி ஒரு அடி எடுத்து வைத்தால் முகம் எப்போதும் பிள்ளைகள் பக்கம் இருக்கும். சரியா? எந்தக் கையால் ஏற்ற வேண்டும்?"

"வலது கையால்," என்றேன்.

"சப்பாத்தைக் கழற்ற வேண்டுமா?"

"ஓம்."

கழற்றினார். நீண்ட தீக்குச்சி ஒன்றை எடுத்து, வலது முழங்கையை இடது கையால் மெல்லத் தாங்கிக்கொண்டு ஒவ்வொன்றாக ஏற்றினார். அந்தத் தாங்குதலை யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று தெரியவில்லை. எங்கள் மருத்துவர்களும் அரசியல்வாதிகளும் ஊதுபத்தி கொளுத்துவது போலக் கொளுத்திவிட்டுப் போவார்கள். இவர் ஐந்தையும் ஏற்றி முடித்துக் கொஞ்சம் தள்ளி நின்று, எதிரே மண்டபம் இருப்பது போலப் பார்த்தார். பிறகு பேசினார். தமிழில்.

"அன்பான பிள்ளைகளே. நான் உங்களுக்குப் பேசப் பழக்கினேன். நீங்கள் எனக்குக் கேட்கப் பழக்கினீர்கள். நன்றி."

ஒவ்வொரு சொல்லின் பொருளையும் ஆரணியிடம் கேட்டு, ரஷ்ய எழுத்தில் எழுதிவைத்துப் பாடமாக்கியிருக்கிறார். உச்சரிப்பு அப்படி ஒன்றும் திறம் இல்லை. ஆனால் ஒவ்வொரு சொல்லும் என்ன என்று தெரிந்து சொல்கிறார் என்பது கேட்டாலே விளங்கியது.

"'நன்றி'க்கு முதல் மூச்சு எடுக்கலாமா? அல்லது சேர்த்துச் சொல்லவா?"

"எடுங்கள்," என்றேன்.

"கடைசியாக நான் நடித்தபோது பிரேதம்," என்று சிரித்தார். "மூச்சு விடவே விடவில்லை."

தேநீர் குடித்தேன். பழப்பாகைத் தின்றேன். மண்டபம் பற்றிய பொய்யையும் சொல்லவில்லை, உண்மையையும் சொல்லவில்லை. "போட்டு வாறன்" என்பதை மட்டும் அவரிடம் எப்போதும் தமிழில்தான் சொல்வேன். அன்று அதையும் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு வந்தேன்.

7

வரும் சனிக்கிழமைக்கு அடுத்த சனிக்கிழமை விழா. புதிய அழைப்பிதழ் வந்துவிட்டது. அதில் வீடு விற்பவரின் பெயர் இருக்கிறது. லிடியா மிஸ்ஸுக்கு அதை வாசிக்கத் தெரியாது, அது தமிழில் இருக்கிறது. அவர் ரயிலில் வந்து நிலையத்திலிருந்து நடந்து வருவேன் என்று சொல்லியிருக்கிறார். ஆரணியும் அபியும் அன்று பேசுகிறார்கள். இரண்டு உரைகளும் அவர் பழக்கியவை.

மண்டபப் பொய்யைச் சொல்லலாம். அவர் நம்புவது போல நடிப்பார். நம்பமாட்டார். உண்மையைச் சொல்லலாம். அப்படிச் சொன்னால், தான் பேசப் பழக்கிய பிள்ளைகளின் தகப்பன்மார் எல்லாரும் அந்தக் காட்சியைத் தேடிப் பார்த்துவிட்டார்கள் என்றும் நானே சொல்ல வேண்டும். அதை எந்த வாயால் சொல்வது?

மூன்றாவதாக ஒன்று இருக்கிறது.  விழாவில் நிகழ்ச்சி அறிவிப்பது நான். விளக்கேற்ற வருபவரின் கையில் மெழுகுவர்த்தியைக் கொடுப்பதும் நான்தான். ஒருவரிடமும் கேட்காமல் அவருடைய பெயரை அழைத்தால், அவர் எழும்பி வருவார், யாராலும் தடுக்க முடியாது. ஆனால் அவர் மேடைக்கு நடந்து வரும் அந்தக் கொஞ்ச நேரத்தில் மண்டபத்தில் எத்தனை பேர் அவரைப் பார்ப்பார்கள், எத்தனை பேர் அந்தப் படத்தைப் பார்ப்பார்கள்? யாராவது எழும்பிப் போனால்? சிரித்தால்? அவருக்காகச் செய்கிறேன் என்று நினைத்து, பார்க்க வந்த கூட்டத்தின் நடுவில் அவரை மறுபடியும் நான் கொண்டுபோய் நிறுத்திவிடுவேனோ? அதற்குப் பிறகு ஆரணிக்கு அந்தப் பள்ளியில் இடம் இருக்குமா? அவளுக்குத் தமிழ் காதில் விழ இங்கே வேறு இடம் ஒன்றும் இல்லை.

சுதன் இப்போது, "உமக்குச் சரியெண்டு படுறதைச் செய்யும்," என்கிறார். எனக்குச் சரியென்று படுவது காலையில் ஒன்று, பிள்ளையைக் கூட்டி வரப் போகும்போது வேறொன்று.

இதைப் படிப்பவர்களில் என்னைவிட மூத்தவர்கள் இருப்பீர்கள். மேடை ஏறியவர்கள் இருப்பீர்கள். உங்கள் ஊரில் கூத்தாடியவளை, நாடகத்தில் நடித்தவளை, சபைக்கு முன்னால் எப்படி நடத்தினார்கள் என்று பார்த்தவர்களும் இருப்பீர்கள். கோபித்தாலும் பரவாயில்லை, நேராக எழுதுங்கள். ஒலிவாங்கி என் கையில் இருக்கும். எந்தப் பெயரை நான் அழைக்க வேண்டும்? அழைப்பதற்கு முன் அவரிடம் எல்லாவற்றையும் சொல்லிக் கேட்க வேண்டுமென்றால், அந்த முதல் வசனம் எப்படி இருக்க வேண்டும்?